‘தள்ளுங்க’ என்று சொல்லாதவர்

மாப்பிள்ளையின் தாய்மாமனுக்கு முதுகு ஓர் அலுமாரி அளவு. சரியாகத் தாலி கட்டுகிற நேரம் பார்த்து அந்த அலுமாரி எழுந்து வந்து மணவறைக்கு முன்னால் நின்றுகொண்டது. வேறு எந்த வீடியோக்காரராக இருந்தாலும் கெட்டிமேளத்தையும் மீறி, “மாமா, கொஞ்சம் தள்ளுங்க!” என்று கத்தியிருப்பார். இவர் கத்தவில்லை. மாமாவின் முதுகை ஒரு நொடி மரியாதையாகப் பார்த்தார். சமையல்கட்டுப் பக்கம் ஓடினார். கழுவிக் கவிழ்த்து வைத்திருந்த சோற்று அண்டாவை உருட்டிக்கொண்டு வந்தார். ஏறி நின்றார்.

அது கந்தப்பளையில் நடந்த என் அக்காவின் கல்யாணம். அந்த வீடியோவில் தாலி கட்டும் காட்சி ஏதோ கடவுள் மேலிருந்து பார்ப்பது போல இருக்கும். படத்தின் நட்டநடுவில் மாமாவின் வழுக்கைத் தலை. சுற்றிலுமிருந்து விழுகிற மஞ்சளரிசியில் பாதி அந்தத் தலையில் தங்கும். ஓரத்தில், போனால் போகிறதென்று, அக்காவும் அத்தானும். எங்கள் வீட்டில் ஒரு கிழமை முழுக்கச் சண்டை நடந்தது. மாமா மட்டும் அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் போடச் சொல்லிப் பார்த்தார். “நம்ம தல இவ்வளவு லட்சணமா இருக்குன்னு இத்தன வருசத்துல எவனாவது சொன்னானா?”

நான் அவரை முதன்முதலாகக் கவனித்தது அன்றைக்குத்தான்.

அவருடைய பெயரை இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால் கோபப்பட மாட்டார், அவருக்குக் கோபப்படத் தெரியாது. ஆனால் கூச்சத்தில் அந்தப் பெயருக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்வார். ஊரே அவரை அண்ணன் என்றுதான் சொல்லும், நானும் அப்படியே சொல்கிறேன். ஒல்லியான ஆள். வெயிலோ மழையோ ஒரு நீலக் கம்பளி ஜெர்சி. கண்ட கண்ட சுவரிலும் கதவிலும் ஊன்றிப் படமெடுத்து அதன் வலது முழங்கை தேய்ந்து ஓட்டையாகி, அண்ணி அந்த இடத்தில் ஒரு சிவப்புத் துணியை ஒட்டுப் போட்டுத் தைத்திருந்தார். “தூரத்துல எங்க ஏறி நிக்கிறாருன்னு எனக்குத் தெரியணும்ல?” என்பது அண்ணியின் விளக்கம்.

கூரை, கிணற்றுக்கட்டு, லொறியின் தலை, கோயில் தேரின் சக்கரத்துக்கு அடி என்று அவர் நிற்காத இடமில்லை. யாரையும் நகரச் சொல்ல மாட்டார். சிரிக்கச் சொல்ல மாட்டார், இங்கே பாருங்கள் என்று சொல்ல மாட்டார். “அவங்க அவங்க எடத்துல அவங்க இருக்காங்க. நான்தானே வேல மெனக்கெட்டு வந்தவன்? நான் நகந்துக்கிறேன்.” இதுதான் அவருடைய மொத்தத் தொழில் ரகசியமும்.

சொந்தக் கல்யாணத்திலும் இதே கதைதான். அதை அண்ணி சொல்லக் கேட்க வேண்டும்.

“மணவறையில பக்கத்துல உக்காந்திருக்காரு. வீடியோ எடுக்க வந்த பையன் தப்பான எடத்துல நிக்கிறானாம். இவரு முறைச்சு முறைச்சுப் பாக்குறாரு. அவன்கிட்ட ‘தம்பி, அந்தப் பக்கம் போ’ன்னு ஒரு வார்த்த சொல்லலாம்ல? சொல்லல. மாலையோட எந்திரிச்சுப் போயி, கேமராவ வாங்கி, எந்த எடத்துல நின்னு எடுக்கணும்னு அவரே நின்னு எடுத்துக் காமிக்கிறாரு! ஐயரு மந்திரத்த நிப்பாட்டிட்டாரு. நான் சொன்னேன், ‘இப்ப நீங்க வந்து தாலியக் கட்டுறீங்களா, இல்ல நானே கட்டிக்கவா?’ன்னு. அதுவும் வீடியோவுல இருக்கு. நல்லா வந்திருக்கு.”

அவருடைய ஸ்டூடியோ கந்தப்பளைக் கடைத்தெருவில், நாங்கள் நானா என்று கூப்பிடுகிற முஸ்லிம் பெரியவரின் தேத்தண்ணிக் கடைக்கு மேல்மாடியில். கீழே தேத்தண்ணி குடிக்க வந்தால் ஒரு கோப்பை முடிவதற்குள் நான்கு கதிரை மாறி உட்காருவார். வெளிச்சம் நகர்கிறதாம். இடது கண்ணை மூடிக்கொண்டு எதிரே இருப்பவரைப் பார்த்துக்கொண்டே இருப்பார். புதிதாக வந்தவர்கள் கண்ணடிக்கிறார் என்று பயந்ததும் உண்டு. நானா ஒருநாள் பொறுக்க மாட்டாமல் கேட்டார், “நீங்க தேத்தண்ணி குடிக்க வாறீங்களா, எண்ட கடையச் சுத்திப் பாக்க வாறீங்களா?”

அண்ணன் கோப்பையோடு ஐந்தாவது கதிரைக்குப் போனார். “நானா, இங்கருந்து பாத்தா நீங்க பத்து வயசு கொறைவு.”

அன்றிலிருந்து அந்தக் கதிரையை நானா வேறு யாருக்கும் கொடுப்பதில்லை.

கல்யாண வீடியோவோடு நின்றுவிட்டவர் என்று நினைக்க வேண்டாம். கொழும்பில் பல வருஷம் சிங்களத் தொலைக்காட்சித் தொடர்களுக்கு ஒளிப்பதிவாளராக இருந்தவர். அங்கே அவருக்கு ‘ஹொல்மன’ என்று பெயராம். சிங்களத்தில் ஆவி என்று அர்த்தம். நடிகைகளுக்கு அவரை மிகவும் பிடிக்கும். எங்கே நிற்கிறார் என்றே தெரியாது, மூஞ்சியை இப்படித் திருப்பு, அப்படித் திருப்பு என்ற தொல்லை கிடையாது, ஆனால் திரையில் பார்த்தால் அழகாக இருப்பார்கள். ஒரு தொடர் முடிந்தால் அடுத்த தொடர் என்று அழைத்துக்கொண்டே இருந்தார்கள். நல்ல பெயர். ஆனால் எல்லாத் தொடரிலும் அதே வரவேற்பறை, அதே சோபா, அதே மாமியார். இரண்டு தொடருக்கு நடுவில் கிடைக்கிற நாட்களில் கந்தப்பளைக்கு ஓடிவந்து எங்கள் கல்யாணங்களில் அண்டா ஏறுவார்.

“நீங்களே ஒரு படம் டைரக்ட் பண்ணலாமே அண்ணே?” என்று கேட்டால் கையை ஆட்டி மறுப்பார்.

“நான் நெறைய டைரக்டர் பாத்துட்டேன் தங்கச்சி. மூணு வகைதான். கத்துறவங்க, கெஞ்சுறவங்க, போனப் பாத்துக்கிட்டே ‘ஓகே’ங்கிறவங்க. எனக்கு மூணும் வராது. போன் கூட சார்ஜ் இருக்காது.”

நான் விடுகிற ஆளில்லை. பேராதனைப் பல்கலைக்கழகத்தில் படித்து முடித்து, ஆசிரியர் நியமனத்துக்குக் காத்துக்கொண்டு, வீட்டில் சும்மா இருக்க முடியாமல் கொப்பி கொப்பியாகச் சினிமாக்கதை எழுதிக்கொண்டிருந்த காலம். எல்லாவற்றையும் யாருக்காவது படித்துக் காட்டியாக வேண்டும். வீட்டில் நான் கொப்பியை எடுத்தாலே எல்லோருக்கும் குளிக்கப் போகிற வேலை வந்துவிடும். ஆகவே அண்ணன் தப்பியோட முடியாத ஓர் இடமாகத் தேடினேன். பட்டிப்பொல ரயில் நிலையம் கிடைத்தது.

கல்யாணத்துக்கு முந்திய படப்பிடிப்புக்கு ஒரு ஜோடியை அங்கே அழைத்துப் போயிருந்தார். ரயில் வந்தால்தான் படம். ரயில் தாமதம். மேடையில் குளிருக்கு உறைந்துபோய் ஜனங்கள் வாங்குகளில் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களை எழுப்ப மனமில்லாமல் அண்ணன் ஒரு வாங்குக்கு அடியில் படுத்துக் கிடந்தார், யார் யாருடைய கால்களுக்கோ நடுவில். நான் அந்த வாங்குக்குப் பக்கத்தில் குந்தி, கொப்பியைப் பிரித்துப் படிக்க ஆரம்பித்தேன்.

சின்னக் கதைதான். மகள் முதல் தடவையாகக் கொழும்புக்கு வேலைக்குப் போகிறாள். அம்மாவுக்கு லீவு இல்லை. தேயிலை மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டு நிற்கிறாள். கீழே ரோட்டில் மகள் ஏறிய பஸ் போகிறது. அம்மா ஒரே ஒருமுறை திரும்பிப் பார்க்கிறாள். முடிந்தது.

வாங்குக்கு அடியில் தூங்கிவிட்டாரோ என்று குனிந்தேன். இடது கண் மூடியிருந்தது. வலது கண் எங்கேயோ பார்த்தது.

“அந்தப் பஸ் எந்தப் பக்கமிருந்து வருது?”

“எந்தப் பக்கமிருந்தும் வரட்டுமே அண்ணே.”

“வரக்கூடாது. வெயிலுக்கு எதிர வரணும்.” தவழ்ந்து வெளியே வந்தார். ஜெர்சி முழுக்கத் தூசி. “அக்கரப்பத்தனைப் பக்கம் எங்க தோட்டத்துல அப்படி ஒரு மொடக்கு இருக்கு. காலையில ஹட்டன் பஸ் அதுலதான் திரும்பும். தங்கச்சி, இத வேற யாருகிட்டயும் குடுத்துறாதீங்க. நானே எடுக்கிறேன்.”

“எடுக்கிறதுன்னா? கேமரா மட்டுமா?”

“இல்ல. நானே,” என்றார். சொல்லிவிட்டு, அந்தச் சொல் தன் வாயிலிருந்துதான் வந்ததா என்று திரும்பிப் பார்ப்பது போல ஒரு பார்வை. அதற்குள் ரயில் வந்தது. ஜோடியை மறந்துவிட்டு ரயிலை எடுத்தார்.

அதே மாதத்தில் கொழும்பிலிருந்து ஆறு மாதத் தொடருக்கு அழைத்தார்கள். வர முடியாது என்று சொல்லிவிட்டார். அதாவது அண்ணியைச் சொல்ல வைத்தார். அண்ணி போனை வைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

“ஆறு மாச வேலைய விட்டுட்டு ஒன் கதைய நம்பிப் போறாரு. வரும்போது டைரக்டரா கூட்டிட்டு வா. இல்லன்னா அங்கேயே கொழும்பு பஸ்ல ஏத்தி விட்டுரு.”

அண்ணன் சிரிக்கவில்லை. “இதுவும் வரலன்னா எனக்கு இது சரிப்பட்டு வராதுன்னு அர்த்தம் தங்கச்சி. பேசாம அந்த சோபாவையே எடுத்துக்கிட்டு இருந்துருவேன்.”

வீட்டுக்குள் நடக்கிற காட்சிகளையெல்லாம் அவருடைய அக்காவின் லயத்து வீட்டில் அவர் வழக்கப்படியே எடுத்து முடித்தார். மகளாக நடித்த பெண் பெட்டி கட்டினாள், அழுதாள், தலைவாரினாள். எல்லாம் தானாக நடந்தது, இவர் அலுமாரி மேலிருந்தும் கட்டிலுக்கு அடியிலிருந்தும் பிடித்துக்கொண்டார். மிச்சமிருந்தது அந்த ஒரே ஒரு திரும்பல். அம்மாவாக நடித்தவர் புஷ்பம் அக்கா, அதே தோட்டத்தில் கொழுந்து எடுக்கிறவர். தோட்டத்துப் பெரிய தொரை மூன்று நாள் அனுமதி தந்திருந்தார். மூன்று காலை, மூன்று பஸ். கூட வேலை செய்கிற பத்துப் பன்னிரண்டு பெண்களும் படத்தில் உண்டு.

முதல் நாள் காலை பெரட்டுக் களத்தில் எல்லோரும் கூடினோம். பெரட்டு என்றால், அன்றன்றைக்கு யாருக்கு எந்த வேலை என்று காலையில் ஆட்களைக் கூட்டி வைத்துச் சொல்வது. வேலு கங்காணி தொண்டையைச் செருமிக்கொண்டு அண்ணனைக் காட்டினார். “இந்தா, எல்லாரும் கேட்டுக்கங்க. இன்னியிலருந்து மூணு நாளைக்குக் காலையில தேத்தண்ணி நேரம் வரைக்கும் இவரு சொல்றதுதான் வேல. இவரு சொன்னா எடுக்கணும், இவரு சொன்னா நிறுத்தணும். வெளங்குச்சா?”

எல்லோரும் அண்ணனைப் பார்த்தார்கள். அண்ணன் கங்காணிக்குப் பின்னால் நகர்ந்துகொண்டார்.

நான் அப்போதுதான் பெண்களைச் சரியாகப் பார்த்தேன். எனக்கு மயக்கம் வராத குறை. எல்லோரும் பட்டுச்சேலை. பவுடர். தலையில் கனகாம்பரம். புஷ்பம் அக்கா மகள் கல்யாணத்துக்கு எடுத்த மாம்பழக் கலர் சேலையில், கூடையை முதுகில் மாட்டிக்கொண்டு, ஊர்வலத்துக்குப் புறப்பட்ட அம்மன் போல நின்றார்.

“அக்கா! இது வேல செய்ற சீன் அக்கா! இடுப்புல படங்குச் சாக்கக் கட்டிக்கிட்டு, வழமையா மலைக்குப் போற மாதிரி வரணும்!”

புஷ்பம் அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தார். “வழமையா போற மாதிரி வெள்ளக்காரன் தெனமும் ரோட்டுல வேன நிப்பாட்டிப் போட்டோ எடுத்துட்டுப் போறான், புள்ள. அழுக்குச் சட்டையோட நாங்க எந்தெந்த நாட்டுல தொங்குறோமோ தெரியல. நம்ம ஆளு எடுக்கிற படத்துலயும் அப்படியேதான் நிக்கணுமா?”

அண்ணன் என்ன சொல்லப் போகிறார் என்று திரும்பினேன். அவர் கேமராவை எடுத்தார். ஒவ்வொருவரையும் தனித்தனியாக, தேயிலைக்கு நடுவில், பட்டுச்சேலையில், அவரவர் நிற்கிற இடத்திலேயே வைத்து எடுத்தார். இவர்தான் செடிக்குள் புகுந்து, பாறை மேல் ஏறி, ஒவ்வொருவருக்கும் எந்தப் பக்கம் அழகு என்று தேடித் தேடி அலைந்தார். அதற்குள் கீழே ஹட்டன் பஸ் முடக்கில் திரும்பிப் போயே போய்விட்டது.

“பஸ்!” என்று கத்தினேன்.

“போகட்டும்,” என்றார். “நாளைக்கு வரும்ல?”

மறுநாள் யாரும் சொல்லாமலே எல்லோரும் வேலை உடுப்பில் வந்தார்கள். படங்கு, கூடை, தலையில் துண்டு. நேற்று எடுத்ததில் எல்லோருக்கும் மனம் நிறைந்துவிட்டது. அண்ணன் என்னைப் பார்த்து இடது கண்ணை மூடினார். அன்றைக்கு அது கண்ணடிப்புத்தான் என்று சத்தியம் செய்வேன். அவரவர் நிரையில், தேயிலை வரிசைகளுக்கு நடுவில், பெண்கள் மளமளவென்று கொழுந்து எடுக்க ஆரம்பித்தார்கள். வெயில் நன்றாக இருந்தது. முடக்கில் பஸ் தலை காட்டியது. கேமராவுக்கு முன்னால் வந்து, குடையை ஊன்றிக்கொண்டு, நெஞ்சை நிமிர்த்தி நின்றார் வேலு கங்காணி.

“கங்காணி ஐயா, தள்ளுங்க!” நான் அலறினேன். அண்ணன் அதற்குள் கேமராவை அதன் ஸ்டாண்டுக் காலோடு சேர்த்துத் தூக்கிக்கொண்டு சரிவில் இறங்கிவிட்டிருந்தார். புது இடத்தில் ஊன்றிப் பார்த்தார். எல்லாம் சரி. பஸ் இருக்கிறது, புஷ்பம் அக்கா இருக்கிறார். புஷ்பம் அக்கா திரும்பத்தான் இல்லை. கொழுந்து எடுத்துக்கொண்டே இருந்தார்.

“அக்கா, திரும்புங்க! இப்ப! இப்பத் திரும்புங்க அக்கா!” தொண்டை கிழியக் கத்தினேன். ஒருவரும் என்னை ஒரு பொருட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. பஸ் போய்விட்டது.

மூச்சிரைக்க மேலே ஏறிப் போய்க் கேட்டேன், “ஏன்க்கா திரும்பல?”

“திரும்பணுமா? யாரும் சொல்லலியே.”

“நான் சொன்னேனேக்கா! அந்தக் கத்துக் கத்தினேன்!”

“நீ பெரட்டுல வேல சொன்ன ஆளு இல்லியே, புள்ள. அவரு சொல்றதுதான் வேலன்னு கங்காணி எல்லாருக்கும் முன்னால சொன்னாரா இல்லியா? ஆளாளுக்குச் சொல்றதக் கேட்டா மலையில வேல நடக்குமா?”

“சரி, பஸ் சத்தம் கேட்டதும் சும்மாவாவது திரும்பிப் பாத்திருக்கலாம்ல?”

“தெனமும் போற பஸ்ஸுதானே!” என்றார் புஷ்பம் அக்கா. நிரை முழுக்கச் சிரிப்பு.

அன்று பின்னேரம் அண்ணனை உட்கார வைத்துச் சண்டை பிடித்தேன். ஒரே ஒரு வார்த்தை. ‘திரும்புங்க.’ அதைச் சொல்ல வாய் வராதா? அவர் ஜெர்சியின் சிவப்பு ஒட்டைத் தடவிக்கொண்டே இருந்தார். பிறகு, வழக்கமில்லாத வழக்கமாக, ஒரு சங்கதி சொன்னார்.

ஒருமுறை ஒரு மரண வீட்டுக்கு வீடியோ எடுக்கக் கூப்பிட்டார்களாம். இறந்த அம்மாவின் மகனுக்குக் கட்டாரில் வேலை. வர முடியவில்லை. அவனுக்கு அனுப்புவதற்காக எடுக்க வேண்டும். பெட்டியைச் சுற்றிப் பெண்கள் கட்டிப்பிடித்து அழுதுகொண்டிருந்தார்கள். அழுகிறவர்களைப் போய் எப்படித் தள்ளச் சொல்வது? இவர் சுற்றிச் சுற்றி வந்திருக்கிறார். கதவு மேல் ஏறியிருக்கிறார். எங்கே போனாலும் முதுகுகள்தான். பெட்டியை மூடிவிட்டார்கள்.

“அந்தப் பையன் போன் எடுத்தான் தங்கச்சி. ‘எல்லாம் நல்லா இருக்குண்ணே. அம்மா மொகம் எங்கண்ணே?’ன்னு கேட்டான்.”

அதற்குப் பிறகு நான் சண்டை பிடிக்கவில்லை. ஆனால் சும்மா இருக்கவும் என்னால் முடியாது. பஸ் நிற்கிற இடத்துக்குப் போய் டிரைவரைப் பிடித்தேன். அவர் சிங்களவர், எனக்குத் தெரிந்த சிங்களத்தில் கதை முழுவதையும் நடித்தே காட்டினேன். நாளைக்கு முடக்கில் கொஞ்சம் மெதுவாகப் போய் ஒரு ஹோர்ன் அடிக்க முடியுமா? அவர் கண்கலங்கி, “ஹரி, நங்கி,” சரி தங்கச்சி, என்றார். கதை பிடித்ததா, என் சிங்களத்துக்கு இரக்கப்பட்டாரா என்பது இன்றுவரை தெரியாது.

மூன்றாம் நாள். பஸ் வரக் கொஞ்ச நேரம் இருக்கும்போது பள்ளத்திலிருந்து பனி ஏறி வந்தது. மேகம் மாதிரி வந்து முதலில் ரோட்டைத் தின்றது, பிறகு பாலத்தை, பிறகு கீழ் நிரைகளை. எதிரே புஷ்பம் அக்கா மங்கலாகத் தெரிந்தார். பஸ் வருகிற இடத்தில் வெறும் வெள்ளை.

“போச்சு,” என்றேன்.

அண்ணன் கேமராவை ஓடவிட்டார். பிறகு, நான் அவரைப் பார்த்த அத்தனை வருஷத்தில் முதன்முதலாக, படம் ஓடிக்கொண்டிருக்கும்போது கேமராவிலிருந்து கண்ணை எடுத்தார்.

“இதப் பாத்துக்குங்க. ஒன்னையும் தொடாதீங்க.”

“எங்கண்ணே போறீங்க?”

அவர் ஏறிக்கொண்டிருந்தார். செடிகளைப் பிடித்துப் பிடித்து, சறுக்கி, திரும்ப ஏறி. கீழே பனிக்குள்ளிருந்து ஹோர்ன் கேட்டது. நீளமாக, கோயில் சங்கு போல. டிரைவர் மெதுவாகப் போவதோடு விடவில்லை, முடக்கில் பஸ்ஸை நிறுத்தியே விட்டார். பனி லேசாக அசைந்தது. அதில் இரண்டு மஞ்சள் விளக்குகள் மட்டும் தெரிந்தன. வெயிலில் அந்தப் பஸ் ஒருநாளும் அவ்வளவு அழகாக இருந்திருக்காது.

கேமராவுக்குள் பார்த்தேன். மஞ்சள் விளக்குகள் இருக்கின்றன. புஷ்பம் அக்கா இல்லை. அவர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு நீல ஜெர்சி. அண்ணன் அவருக்கு முன்னால் போய், நிலைக்கதவு போல நட்டுக்க நின்று ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார்.

என் வாய் தானாகத் திறந்தது. அண்ணே, தள்ளுங்க! தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. கத்துவதில் எனக்கு ஒரு குறையும் இல்லை, மூன்று நாளாகப் பயிற்சி வேறு. ஆனால் நான் கத்தினால் அவர் பதறிப்போவார். வாழ்க்கையில் முதல் தடவையாக ஓர் ஆளிடம் ஒன்றைக் கேட்டுக்கொண்டிருக்கிறார், அது பாதியில் நின்றுவிடும். புஷ்பம் அக்கா பஸ்ஸைப் பார்க்காமல் என்னைப் பார்ப்பார்.

கேமராவைக் காலோடு சேர்த்துத் தூக்கினேன். தொடாதீர்கள் என்று சொன்னதைத்தான் தூக்கினேன். இடது பக்கம் இரண்டு எட்டு வைத்தேன். மூன்றாவது எட்டு கானுக்குள் விழுந்தது. மழைத்தண்ணீர் ஓடுவதற்கு நிரைகளுக்கு நடுவில் வெட்டியிருக்கிற பள்ளம், முழங்கால் வரைக்கும் ஐஸ் தண்ணீர். அப்படியே ஊன்றிப் பார்த்தேன். முன்னால் தேயிலைத் தளிர்கள். அதற்கு மேலே புஷ்பம் அக்கா. அவருக்குப் பின்னால் பனி, பனிக்குள் இரண்டு விளக்குகள்.

புஷ்பம் அக்கா திரும்பினார்.

கையிலிருந்த கொழுந்தைக் கூடையில் போட மறந்து, கை தோளுக்கு மேல் பாதியில் நிற்க, அந்த விளக்குகளைப் பார்த்தார். அவர் பார்ப்பதைப் பார்த்துப் பக்கத்து நிரைப் பெண் திரும்பினார். பிறகு அடுத்தவர், அதற்கடுத்தவர். கடைசியில் வேலு கங்காணியும் குடையை இறக்கிவிட்டுத் திரும்பினார். தினமும் போகிற பஸ்ஸைத்தான் எல்லோரும் பார்த்தார்கள். அது இன்னொரு தரம் ஹோர்ன் அடித்துவிட்டுப் பனிக்குள் போனது.

புஷ்பம் அக்கா மூக்கை உறிஞ்சிக்கொண்டார்.

“என்னக்கா சொன்னாரு?” என்று கானுக்குள் நின்றபடியே கேட்டேன்.

“‘அக்கா, எனக்காக ஒருக்காத் திரும்புங்க’ன்னாரு. அவ்வளவுதான்.” அண்ணன் பக்கம் திரும்பினார். “ஏன் தம்பி, இத மொத நாளே சொல்லியிருந்தா மொத நாளே திரும்பியிருப்பேனே! இதுக்காகவா மூணு நாளு?”

அண்ணன் முகமெல்லாம் சிரிப்பாக இறங்கி வந்தார். கேமராவைப் பார்த்தார். சிரிப்பு நின்றது.

“இது இங்க இல்லியே? நான் அங்க தானே வச்சேன்?”

“நகத்திட்டேன்ணே.”

“ஏன்?”

“நீங்க மறைச்சீங்க.”

அவர் என்னைப் பார்த்தார். தண்ணீருக்குள் நடுங்கிக்கொண்டிருந்த என் கால்களைப் பார்த்தார். நிஜமாகவே புரியாத முகத்தோடு கேட்டார்.

“தள்ளுங்கன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே தங்கச்சி?”

படத்தைத் தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் ஒரு கட்டில் விரிப்பைக் கட்டித்தான் முதலில் போட்டோம். அந்தத் திரும்பலுக்கு யாரும் கைதட்டவில்லை, மூக்கு உறிஞ்சுகிற சத்தம் மட்டும் கேட்டது. கைதட்டலும் விசிலும் அதற்குப் பிறகு. பெயர்கள் வருகிற இடத்தில் அண்ணன் முதல் நாள் எடுத்ததைச் சேர்த்திருந்தார். பட்டுச்சேலையில், கனகாம்பரத்தோடு, தேயிலைக்கு நடுவில் ஒவ்வொருவராக, கீழே அவரவர் முழுப்பெயரோடு. மாம்பழக் கலர் சேலை வந்தபோது புஷ்பம் அக்காவே எழுந்து நின்று விசிலடித்தார்.

அண்ணன் கொழும்பு சோபாவுக்குத் திரும்பிப் போகவில்லை. ஹட்டன் பக்கம் இரண்டாவது படம் எடுத்தார், மூன்றாவதும் எடுத்தார் என்று கேள்வி. எனக்கு நியமனம் கிடைத்து வேறு ஊருக்கு வந்துவிட்டேன். அந்தப் படங்களில் வேலை செய்தவர்கள் சொல்வார்கள்: ஒரு படத்துக்கு ஒரே ஒரு தடவைதான் வாயைத் திறந்து ஓர் ஆளிடம் ஒன்றைச் செய்யச் சொல்வாராம். அது எந்தக் காட்சியில் என்று ஆட்கள் காத்துக்கொண்டிருப்பார்களாம். சொல்லிவிட்டால் அன்றைக்குப் படம் முடிந்தது என்று அர்த்தமாம்.

எங்கள் படத்தில் அவருடைய பெயரைக் கடைசியில், எறும்பு அளவு எழுத்தில் போட்டிருக்கிறார். மண்டபத்தில் யாராலும் அதைப் படிக்க முடியவில்லை. பரவாயில்லை. அந்தப் படம் எங்கேயாவது உங்கள் கண்ணில் பட்டால், புஷ்பம் அக்கா திரும்புகிற இடத்தில் அவரை விட்டுவிட்டு ஒரு நொடி வலது ஓரத்தைப் பாருங்கள். என் அவசரத்தில் முழுதாக வெளியே தள்ள முடியாமல் போன ஒரு முழங்கை தெரியும். நீல ஜெர்சி, சிவப்பு ஒட்டு. டைரக்டர் அவர்தான்.